எத்தனை அடி ஹெட்டு?

விழுப்புரத்திலிருந்து புதுச்சேரி போகும் சாலையில், கோலியனூர் கூட்ரோட்டில் வலது கைப்பக்கம் பிரிவது பண்ருட்டி வழியாகக் கும்பகோணம் போகும் பாதை. கரும்பும் நெல்லும் இந்த இரண்டு சாலைகளையும் ஒட்டியே விளைகின்றன. கொல்லையில் மோட்டார் நின்றுபோனால் டிவிஎஸ் எக்ஸெல் வண்டியின் முன்பலகையில் அதைக் கட்டிக்கொண்டு கூட்ரோட்டுப் பக்கம் வந்துவிடுகிறார்கள். அப்படி வந்து சேரும் ரீவைண்டிங் கடை ஒன்றில்தான் உட்கார்ந்திருந்தேன். தகரக் கூரை, வார்னிஷ் கருகிய வாடை, சுவரோரம் வரிசையாகச் சாய்த்து வைத்த நீர்மூழ்கி மோட்டார்கள்.

அந்தக் கடையில் காது கொடுத்து உட்கார்ந்தால் ஒரு சொல் ஓயாமல் விழும்: ஹெட்டு. "ஹெட்டு பத்தல", "ஹெட்டு ஓவரு", "லோ ஹெட்டு போட்டுட்டாங்க", "முந்நூறு அடி ஹெட்டு மோட்டாரு". ஆயில் என்ஜின் காலத்து ஆள் ஒருவர் வந்து "ஹெட்டு கழட்டணும்" என்றால், அவர் சொல்வது என்ஜினின் மேல்மூடியை. ஊராட்சி கைப்பம்புக்குப் பழுது பார்க்கப் போகிறவர் "ஹெட்டு புதுசா மாத்தணும்" என்றால், அது இந்தியா மார்க் 2 பம்பின் தலையில் கைப்பிடியும் சங்கிலியும் உள்ள இரும்புப் பெட்டி. இந்த இரண்டிலும் குழப்பமே இல்லை, கையால் தொட்டுக் காட்டக்கூடிய பொருள்கள் அவை. மூன்றாவது ஹெட்டுதான் கண்ணுக்குத் தெரியாது. விவசாயியின் காசும் மோட்டாரின் ஆயுளும் அதில்தான் அடங்கியிருக்கின்றன.

கடைக்காரரிடம் அதைக் கேட்டேன். ஐம்பதைத் தாண்டியவர், இருபது வயதுக்கு முன்பே இந்த வேலைக்கு வந்தவர். "ஹெட்டுன்னா இன்னா சார், தண்ணி எம்மா ஒசரம் ஏறணும்ன்றதுதான்" என்றார். ஒரு நொடி விட்டு, "ஆனா அது மோட்டார்ல இல்ல சார். கெணத்துல இருக்குது" என்றும் சொன்னார்.

இந்தத் தொழிலின் சூட்சுமம் முழுக்க அந்த இரண்டாவது வாக்கியத்தில் இருக்கிறது. பெயர்ப்பலகையில் 'ஹெட் 90 மீட்டர்' என்று பொறித்திருந்தால், அது பம்பு எவ்வளவு உயரத்துக்குத் தள்ள வல்லது என்ற கணக்கு. தள்ளவேண்டிய உயரத்தைத் தீர்மானிப்பது கிணறும் குழாயும் நிலமும். ஓடும்போது தண்ணீர் நிற்கும் மட்டத்திலிருந்து நிலத்துக்கு எத்தனை அடி, அங்கிருந்து மேட்டுக்கு எத்தனை அடி, குழாயில் உரசிக் கரைவது எத்தனை அடி, சொட்டுநீர் போட்டிருந்தால் அந்த அழுத்தத்துக்கு எத்தனை அடி என்று அனைத்தையும் கூட்டினால் வருவதுதான் மொத்த ஹெட்டு. ஒரு சதுர சென்டிமீட்டருக்கு ஒரு கிலோ அழுத்தம் வேண்டுமென்றால் பத்து மீட்டர், அதாவது முப்பத்து மூன்று அடி கூடிவிடும். விவசாயிகளில் பலர் ஹெட்டு என்றால் போரின் ஆழம் என்றே நினைக்கிறார்கள். முந்நூறு அடி போர் போட்டிருக்கிறேன், அதனால் முந்நூறு அடி ஹெட்டு கொடு என்று கடையில் கேட்கிறார்கள். விற்பவரும் எடுத்துக் கொடுத்துவிடுகிறார்.

பொறியாளர்கள் அழுத்தத்தில் பேசாமல் உயரத்தில் பேசுவதற்கு நல்ல காரணம் உண்டு. சுழலும் இம்பெல்லர் நல்ல தண்ணீரை எவ்வளவு உயரம் எறியுமோ, உப்புத் தண்ணீரையும் ஏறத்தாழ அதே உயரம்தான் எறியும். எடை கூடினால் அழுத்தமும் இழுக்கும் மின்சாரமும் கூடும், உயரம் மாறாது. நீர்மூழ்கி பம்பில் ஓர் இம்பெல்லரும் அதைச் சுற்றிய கிண்ணமும் சேர்ந்தது ஒரு ஸ்டேஜ். ஒவ்வொரு ஸ்டேஜும் தன் பங்குக்குச் சில மீட்டர் உயரத்தைச் சேர்த்து மேலே அனுப்புகிறது. அதனால்தான் ஹெட்டைக் கூட்ட ஸ்டேஜைக் கூட்டுகிறார்கள்.

மறுநாள் காலை ஒரு கொல்லைக்கு மோட்டார் தூக்கப் போனார்கள். நானும் கூடப் போனேன். முக்காலி நட்டு, செயின் பிளாக் மாட்டி, குழாயை ஒரு நீளம் தூக்குவதும் கிளாம்ப் போட்டு நிறுத்துவதும் கழற்றுவதும் மறுபடி தூக்குவதுமாக வேலை நடந்தது. மூன்று ஆட்கள், பேச்சே இல்லை. கிளாம்ப் வழுக்கினால் குழாயும் மோட்டாரும் மொத்தமாகக் கீழே போய்விடும். விரல் நடுவில் இருந்தால் விரலும் போகும். மேலே வந்த ஒவ்வொரு குழாயையும் கடைக்காரர் கையால் தடவிப் பார்த்தார். ஓரிடத்தில் செம்மண் நிறத்துத் துருவும் உப்புப் படிவும் வளையமாகத் தெரிந்தன. "கோடையில தண்ணி இங்க நிக்குது" என்றார். இன்னும் மேலே, முதலில் கழற்றி வைத்திருந்த சில குழாய்களில், மங்கலாக இன்னொரு வளையம். "இது மழைக்கு ஏறின மட்டம்." கோடையில் 110 அடி, மழை முடிந்து 40 அடி. எந்தக் கருவியும் இல்லாமல் ஒரு போரின் ஓராண்டு வரலாற்றை அவர் படித்துச் சொன்னது என்னை அசத்தியது.

நிலத்துக்குச் சொந்தக்காரர் வயதானவர். "போன வருசம்தான் வாங்கனது, எரிஞ்சிபோச்சி" என்று மோட்டாரைப் பார்த்தே சொல்லிக்கொண்டிருந்தார். ஏழரை குதிரைத்திறன், முந்நூறு அடி ஹெட்டு.

"எப்ப பெரியப்பா எரிஞ்சிது?"

"கார்த்திக மழ விட்டதும். தண்ணி மேல வந்துட்ச்சி, நல்லாத்தான் கொட்டிச்சி."

"அதான். நல்லா கொட்டுனதாலதான் எரிஞ்சிது."

பெரியவருக்கு இது விளங்கவில்லை. தண்ணீர் மேலே வந்தால் மோட்டாருக்கு வேலை குறையத்தானே வேண்டும்? மையவிலக்குப் பம்பின் குணம் அதற்கு நேர்மாறு. உயரம் குறையக் குறைய அது தள்ளும் தண்ணீரின் அளவு கூடுகிறது. அளவு கூடும்போது பெரும்பாலான பம்புகளில் மோட்டார் இழுக்கும் ஆம்பியரும் கூடுகிறது. முந்நூறு அடிக்குச் செய்த பம்பை அறுபது எழுபது அடியில் ஓட்டினால் அது தன் வரம்பை மீறித் தண்ணீரைக் கொட்டும், இம்பெல்லர் தொகுதியே மேல்நோக்கி உந்தப்பட்டுத் தேயும், காயில் சூடேறும். ஸ்டார்ட்டரில் உள்ள ஓவர்லோடு ரிலே இதைத்தான் கண்டுபிடித்து நிறுத்துகிறது. அடிக்கடி நின்றதால் யாரோ அந்த ரிலேயின் அளவை ஏற்றி வைத்திருந்தார்கள். அதன்பின் காப்பதற்கு எதுவும் இல்லை. மழை முடிந்ததும் கேட் வால்வைக் கொஞ்சம் திருகி வைத்திருந்தாலே, செயற்கையாக ஹெட்டு கூடி மோட்டார் பிழைத்திருக்கும்.

மோட்டார் தண்ணீர் வற்றும்போதுதான் எரியும் என்ற நம்பிக்கை நம்மிடம் ஆழமாக இருக்கிறது. வற்றினாலும் எரியும்தான், குறைந்த வோல்டேஜிலும் ஒரு பேஸ் போனாலும் எரியும். ஆனால் நிறைந்த கிணற்றிலும் எரிகிறது என்பதை இந்தக் கடைகளில் உட்கார்ந்தால்தான் தெரிந்துகொள்ள முடிகிறது.

இந்த மண்ணுக்கு ஹெட்டுக் கணக்கு புதிதல்ல. ஏற்றத்தில் ஆள் மேலே நடந்ததும், கவலையில் மாடு சரிவில் இறங்கியதும் அதே உயரத்தை வெல்லத்தான். பைக்காரா நீர்மின்சாரம் 1932-இல் வந்த பிறகு கோயம்புத்தூர்ப் பக்கம் பம்புத் தொழில் வேர்விட்டது. ஜி.டி. நாயுடுவும் டி. பாலசுந்தரமும் 1937-இல் உருவாக்கியதையே இந்தியாவின் முதல் மின் மோட்டார் என்கிறார்கள். அங்கே செய்த, பம்பும் மோட்டாரும் ஒரே உடலாகச் சேர்ந்த மோனோபிளாக் மோட்டார்கள் ஊர் ஊராகப் பரவின. அவற்றுக்கு ஒரு எல்லை இருந்தது. பம்பு தண்ணீரை இழுப்பதில்லை. குழாயில் வெற்றிடம் உண்டாக்குகிறது, வெளிக்காற்றின் அழுத்தம் தண்ணீரை மேலே தள்ளுகிறது. கடல்மட்டத்தில் அந்தக் காற்றால் முழு வெற்றிடத்திலும் 10.3 மீட்டருக்கு மேல் தண்ணீரை ஏற்ற முடியாது. நடைமுறையில் இருபது, இருபத்தைந்து அடிதான். உறிஞ்சும் பக்கத்தில் ஹெட்டைப் பணம் கொடுத்து வாங்கவே முடியாது. அதனால்தான் கிணற்று மட்டம் இறங்க இறங்க மோட்டாரையும் கிணற்றுக்குள் இறக்கினார்கள். பழைய கிணறுகளின் உள்சுவரில் இன்றும் மோட்டார் வைத்த மேடைகள் படிப்படியாகத் தெரிகின்றன. ஒரு மழையில் மோட்டார் முழுகும், அடுத்த கோடையில் இன்னொரு மேடை வெட்டுவார்கள். கடைசியில் மோட்டாரையே தண்ணீருக்குள் வைத்தால் உறிஞ்சும் கவலை இல்லை என்று நீர்மூழ்கிக்கு வந்து சேர்ந்தோம்.

எதிர்த்திசைக் கதையும் பக்கத்திலேயே இருக்கிறது. கூட்ரோட்டில் பிரியும் அதே சாலையில் போனால் வரும் நெய்வேலியில், 1930-களில் ஜம்புலிங்க முதலியார் தண்ணீருக்காகத் தன் நிலத்தில் துளையிட்டபோது கறுப்பாக ஏதோ வந்தது. அதுதான் பின்னாளில் பழுப்பு நிலக்கரிச் சுரங்கமாயிற்று. அந்த நிலக்கரிக்கு அடியில் அழுத்தத்தில் அடைபட்ட நீர்ப்படுகை ஒன்று உண்டு. பழைய தென்னார்க்காட்டில் பம்பே இல்லாமல் தண்ணீர் பீறிட்ட ஊற்றுப் போர்கள் இருந்தது அதனால்தான். பூமியே ஹெட்டைக் கொடுத்த காலம் அது. சுரங்கத்துக்குள் தண்ணீர் பொங்காமல் இருக்க அந்த அழுத்தத்தை இரவுபகலாகப் பம்பு வைத்து இறைத்துக் குறைக்கிறார்கள்.

கடைக்குத் திரும்பினோம். எரிந்த மோட்டாரைப் பிரித்துக் காயிலை வெட்டி எடுத்தார்கள். ஸ்லாட்டுக்கு எத்தனை சுற்று, கம்பி எந்த கேஜ் என்று எண்ணி ஒரு கோடு போட்ட நோட்டில் எழுதினார் கடைக்காரர். பல ஆண்டுகளின் மோட்டார்கள் அந்த நோட்டில் இருந்தன. புதுக் காயில் போடுவது அவர் மனைவி. தண்ணீருக்குள்ளேயே ஓடும் மோட்டாருக்குப் பிளாஸ்டிக் உறை போட்ட தாமிரக் கம்பி வேண்டும். ஸ்லாட்டின் வாய் மூடியிருப்பதால், ஊசியில் நூல் கோர்ப்பதுபோல ஒவ்வொரு சுற்றையும் ஒரு முனையில் நுழைத்து மறுமுனையில் இழுக்கவேண்டும். உறையில் நகக்கீறல் அளவு காயம் பட்டாலும் அந்த இடத்தில் தண்ணீர் புகுந்து ஷார்ட் ஆகிவிடும். அந்த அம்மா நகத்தை ஒட்ட வெட்டியிருந்தார், வளையலைக் கழற்றி ஆணியில் மாட்டியிருந்தார். முடிந்ததும் தண்ணீர்த் தொட்டியில் முக்கி, மின்காப்பை அளக்கும் மெக்கர் வைத்துப் பார்த்தார்கள்.

"புயலப்போ தூங்கவேயில்ல சார்" என்றார் அந்த அம்மா. 2024 நவம்பர் 30 இரவு ஃபெஞ்சல் புயல் புதுச்சேரி அருகே கரை கடந்தபோது மயிலத்தில் ஒரே நாளில் ஐம்பது சென்டிமீட்டருக்கு மேல் மழை கொட்டியது. அடுத்த இரண்டு நாளில் சாத்தனூர் அணையிலிருந்து நொடிக்கு ஒன்றரை லட்சம் கன அடிக்கு மேல் திறந்துவிட, தென்பெண்ணை கரைமீறியது. மோட்டார் கொட்டாய்களுக்குள் சேறு புகுந்தது. ஸ்டார்ட்டர்களும் மோனோபிளாக்குகளும் மண் அப்பிய உருண்டைகளாகக் கடை வாசலில் குவிந்தன. நாற்றங்கால் போனவர்கள் மறுபடி விதைவிட வேண்டும், அதற்குள் மோட்டார் வேண்டும். அந்த வாரங்களில் இந்த மாவட்டத்தின் விவசாயத்தைத் திரும்ப எழுப்பியவர்களில் ரீவைண்டிங் கடைக்காரர்களையும் சேர்க்கவேண்டும். அவர்களைப் பற்றி யாரும் எழுதியதாக நான் பார்க்கவில்லை.

தமிழ்நாட்டில் 1984-இல் சிறு விவசாயிகளுக்கும், அதன்பின் சில ஆண்டுகளில் எல்லா விவசாயிகளுக்கும் மின்சாரம் இலவசமாயிற்று. அது தேவையான உதவி, அதை நான் குறைசொல்லவில்லை. ஆனால் கட்டணச் சீட்டு வராததால், பொருந்தாத ஹெட்டில் ஓடும் பம்பு எவ்வளவு மின்சாரத்தை வீணாக்குகிறது என்பது வீட்டுக்குத் தெரிவதில்லை. விவசாயி கண்ணால் காணும் ஒரே மின்செலவு, காயில் கட்டக் கொடுக்கும் கூலிதான். பொருத்தமான பம்பைச் சொல்லத் தெரிந்தவர் அந்தக் கூலியை வாங்குகிறவர். அவரிடம் நாம் போவதோ எரிந்த பிறகு. வாங்குவதற்கு முன்னால் அவரைக் கொல்லைக்கு அழைத்து, அந்த யோசனைக்கென்றே கூலி கொடுக்கும் வழக்கம் வரவேண்டும். அரசு மானியத்தில் பம்பு தரும்போது போரின் நீர்மட்டத்தை அளந்து எழுதிய சீட்டு ஒன்று கட்டாயம் என்று வைத்தால், அதை எழுத ஆட்கள் ஊருக்கு ஊர் தயாராக இருக்கிறார்கள்.

பெரியவருக்குக் கடைக்காரர் அன்று செய்ததும் அதுதான். எரிந்த ஏழரையைக் கட்டித் தருகிறேன், ஆனால் அதை இந்தப் போரில் இறக்காதீர்கள் என்றார். ஒரு பில்லின் பின்பக்கம் கணக்குப் போட்டார். கோடை மட்டம் 110 அடி. கொல்லையின் மேல்மடைக்கு 5 அடி. நெட்டுக் குழாயில் 5. நிலத்தில் முந்நூறு அடிக்குச் சற்று மேல் ஓடும் இரண்டரை அங்குலக் குழாயில் 15. மொத்தம் 135 அடி, சுமார் 41 மீட்டர். நொடிக்கு நாலு லிட்டர் தண்ணீர் போதும் என்றால், நாலையும் 41-ஐயும் பெருக்கி 75-ஆல் வகுக்க, இரண்டு குதிரைத்திறனுக்குச் சற்று மேல் வந்தது. பம்பில் பாதி வீணாகும் என்று இரட்டித்தார். ஐந்து குதிரைத்திறன் போதும்.

"குழா ரெண்டு இஞ்சு போட்டா வெல கொறையுமே" என்றார் பெரியவர்.

"வேணாம் பெரியப்பா. இந்தப் பதினஞ்சு அடி நாப்பத்தஞ்சு ஆயிடும். அப்புறம் மறுபடியும் எங்கிட்டதான் வருவ."

பெரியவர் பில்லை மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு, பம்பு விற்கும் கடை எத்தனை மணிக்கு மூடும் என்று கேட்டார்.