பிறந்த தேதியைத் தேடும் வழக்குகள்

மேலகரம், தென்காசி, குற்றாலம் பக்கம் ஐம்பது வயதைத் தாண்டிய பலருக்குச் சான்றிதழில் மே அல்லது ஜூன் மாதத்தில்தான் பிறந்தநாள். அவர்கள் பள்ளியில் சேர்ந்த காலத்தில், ஜூனில் பள்ளி திறக்கும்போது பிள்ளைக்கு ஐந்து வயது நிறைந்திருக்க வேண்டும். வலது கையைத் தலைக்கு மேலே வளைத்து இடது காதைத் தொட்டுவிட்டால் போதும், கணக்குக்குப் பொருந்தும் ஒரு தேதியைத் தலைமையாசிரியர் எழுதிக்கொள்வார். அந்தத் தேதியே பத்தாம் வகுப்புச் சான்றிதழுக்கும், அங்கிருந்து அரசுப் பணிப்பதிவேட்டுக்கும் ஏறிவிடும்.

பல வருஷம் கழித்து, ஓய்வுபெறும் நாள் நெருங்கும்போதோ பாஸ்போர்ட் நிராகரிக்கப்படும்போதோதான் அது சிக்கலாகிறது. தென்காசி நீதிமன்றத்தில் இத்தகைய வழக்கைக் கையில் எடுக்கும் வழக்கறிஞருக்கு வாதத்திறமையைவிடக் காகிதத்தை வாசிக்கும் பொறுமை முதலில் வேண்டும். கட்சிக்காரர் மேசையில் பரப்பும் ஒவ்வொரு ஆவணத்தையும் யார் எழுதியது, எப்போது எழுதியது, எதைப் பார்த்து எழுதியது என்று கேட்பதில்தான் வேலையே ஆரம்பிக்கிறது.

எந்த ஆதாரத்தை வைத்து எழுதினார்கள் என்று தெரியாத பள்ளிப் பதிவேட்டு வயதுக்குச் சான்று மதிப்பு இல்லை என்று ஒரு தேர்தல் வழக்கில் 1988-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. 2024 அக்டோபரில், விபத்து இழப்பீட்டு வழக்கொன்றில் ஆதார் அட்டையை வயதுக்குச் சான்றாக ஏற்க மறுத்து, பள்ளிச் சான்றிதழை ஏற்றது. பிறந்த சில நாட்களிலேயே எழுதப்பட்ட பிறப்புப் பதிவு கையில் இருந்தால் வழக்கின் பலமே வேறு.

அது கிடைக்காதவர்கள் ஜாதக நோட்டை எடுத்துவருவார்கள். தென்மாவட்டத்து ஜாதகங்களில் கொல்லம் ஆண்டு இருக்கும். ‘கொல்லம் 1146, புரட்டாசி 10’ என்று இருந்தால் 825-ஐக் கூட்டி 1971 என்று எழுதிவிடுவது சுலபம்; ஆனால் தப்பு. கொல்லம் ஆண்டு ஆவணியில் பிறப்பதால், டிசம்பர் முடியும்வரை 824-தான் கூட்ட வேண்டும். அந்தக் குழந்தை பிறந்தது 1970 செப்டம்பர் கடைசி வாரம். அதே பக்கத்தில் தமிழ் வருஷத்தின் பெயர் ‘சாதாரண’ என்று இருந்தால் கணக்கு உறுதியாகும். அதற்கு அடுத்த வருஷமான ‘விரோதிகிருது’ என்று இருந்தால் எங்கோ பிசகு. இத்தனை சரிபார்த்தாலும், ஜாதகம் மிகப் பலவீனமான சான்று என்பதே 2005-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது. அதை எழுதியது யார், எப்போது என்று நிரூபிக்கும் பாரம் கொண்டுவந்தவர் தலையில்தான்.

பிழை பிறப்புப் பதிவேட்டிலேயே இருந்தால், 1969-ஆம் வருஷத்துப் பிறப்பு, இறப்புப் பதிவுச் சட்டத்தின் 15-வது பிரிவு கைகொடுக்கும். பதிவாளர் பழைய பதிவை அடிக்கவோ அழிக்கவோ கூடாது. ஓரத்தில் திருத்தத்தை எழுதி, கையெழுத்தும் தேதியும் இட வேண்டும். அதற்கு மறுத்தால் சரியான தேதி இதுதான் என்று அறிவிக்கும் விளம்புகைப் பரிகாரத்தை உரிமையியல் நீதிமன்றத்தில் கேட்கலாம். அரசைப் பிரதிவாதியாகச் சேர்ப்பதென்றால் இரண்டு மாத முன்னறிவிப்பு அனுப்பியாக வேண்டும்.

அரசு ஊழியருக்கு இதைவிடக் கடினமான வாசல் காலக்கெடு. பணியில் சேர்ந்து ஐந்து வருஷத்துக்குள் திருத்தம் கேட்க வேண்டும் என்பது தமிழ்நாட்டு விதி. அதை விட்டுவிட்டு ஓய்வுபெறும் தறுவாயில் வந்த ஓர் ஊழியரின் கோரிக்கையை 1994-ல் உச்ச நீதிமன்றம் ஏற்கவில்லை. 2021-ல் கர்நாடக வழக்கொன்றில் இன்னும் கறாராக, ஆதாரம் வலுவாக இருந்தாலும் திருத்தத்தை உரிமையாகக் கேட்க முடியாது என்றது.

ராணுவத் தலைமைத் தளபதியாக இருந்த வி.கே.சிங்குக்கும் இதேதான் நடந்தது. பத்தாம் வகுப்புச் சான்றிதழில் 1951 மே 10. தேசியப் பாதுகாப்பு அகாதெமிக்கு அவர் எழுதிய விண்ணப்பத்தில் 1950 மே 10. 2012 பிப்ரவரி 10 அன்று உச்ச நீதிமன்றத்தில், திருத்தம் கோரிய தன் மனுவைத் திரும்பப் பெற்றார். மே 31-ல் ஓய்வுபெற்றார்.

காலம் கடந்து வந்தவரை வெறுங்கையோடு திருப்பி அனுப்புவதுதான் இந்தத் தொழிலில் வழக்கறிஞருக்கு வலிக்கிற இடம். அவர் சொல்வது உண்மையாகவே இருக்கலாம். சட்டத்தில் வழி இருக்காது.

ஆகவே பெற்றோருக்கு ஒரு வேண்டுகோள். பிறப்புச் சான்றிதழில் பிள்ளையின் பெயர் ஏறியிருக்கிறதா என்று பாருங்கள். பதினைந்து வயது வரை அதைச் சேர்க்கலாம். பத்தாம் வகுப்புப் பொதுத்தேர்வுக்குப் பெயர்ப்பட்டியல் போகும் முன்பே அந்தச் சான்றிதழையும் பள்ளிப் பதிவேட்டையும் ஆதாரையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து, ஒரே தேதி இருக்கிறதா என்று சரிபார்த்துவிடுங்கள்.