ஆயிரத்தில் ஒன்று



சின்னசேலத்தில் எங்கள் மதரஸாவில் ஓதும் மாணவன் ஒருவனின் தந்தை, ஒருநாள் அஸர் தொழுகைக்குப் பின் என்னிடம் வந்தார். ஜவ்வரிசி ஆலையில் மூட்டை சுமப்பவர். "ஹஜ்ரத், ஓர் எண் மூன்று இரவுகள் கனவில் வந்தது. அதில் ஏதேனும் நன்மை இருக்குமா?" என்று வினவினார். மூன்று எண் லாட்டரியில் அவர் சிக்கியிருப்பதை அப்போதுதான் அறிந்தேன். தமிழகத்தில் 2003ஆம் ஆண்டிலேயே லாட்டரி தடை செய்யப்பட்டது. ஆயினும், கேரள லாட்டரி முடிவின் கடைசி மூன்று இலக்கங்களை வைத்து இச்சூதாட்டம் மறைவாக நடந்தே வருகிறது.

மதுவோடு சூதாட்டத்தையும் விலக்கும் திருமறையின் 5:90 வசனத்தை எடுத்துரைத்தேன். "அறிவேன் ஹஜ்ரத். ஒரே ஒருமுறை விழுந்தால் கடனை அடைத்துவிட்டு நிறுத்திவிடுவேன்" என்றார். அவருக்கு மார்க்கம் தெரிந்திருந்தது, கணக்குத்தான் தெரிந்திருக்கவில்லை.

நான் கலைப் பட்டதாரி, கணிதம் பயின்றவனல்லன். ஆனால், எண்ணும் முறை ஒன்றை அரபு மொழியே எனக்குக் கற்றுத் தந்திருந்தது. எட்டாம் நூற்றாண்டில் பஸராவில் வாழ்ந்த இமாம் கலீல் இப்னு அஹ்மத் அவர்கள், அரபியின் முதல் அகராதியான 'கிதாபுல் ஐன்' நூலில் எழுத்துகளை இடம் மாற்றி மாற்றிச் சொற்களைத் தேடினார்கள். காஃப், தா, பா ஆகிய மூன்றை எடுத்துக்கொள்ளுங்கள். முதலிடத்தில் மூன்றில் எதுவும் வரலாம், அடுத்த இடத்தில் எஞ்சிய இரண்டில் ஒன்று, கடைசியில் மீதமுள்ளது. 3×2×1, ஆக ஆறு வரிசைகள். 'கதப' என்றால் எழுதினான். 'கபத' என்றால் இழிவுபடுத்தினான்.

இதே பெருக்கல்தான் லாட்டரிச் சீட்டுக்கும். ஒரே வேறுபாடு, இங்கு வந்த இலக்கமே மீண்டும் வரலாம். எனவே ஒவ்வோர் இடத்திற்கும் 0 முதல் 9 வரை பத்து வழிகள். 10×10×10, ஆக ஆயிரம். வெல்வது அவற்றுள் ஒன்று.

மாணவனை அழைத்து, 000 முதல் 999 வரை எழுதச் சொன்னேன். வரிக்குப் பத்து எண்களாக நூறு வரிகள். குறிப்பேட்டில் நான்கு பக்கங்கள் நிறைந்தன. அவற்றில் கனவில் வந்த எண்ணைத் தேடிக் கண்டுபிடிக்கவே தந்தைக்குச் சற்று நேரமாயிற்று.

"பல நாள் வராத எண் நாளை வந்தே தீரும்" என்பார்கள். குலுக்கலுக்கு நேற்றைய நினைவு கிடையாது; நாளையும் ஆயிரத்தில் ஒன்றே. ஓராண்டு முழுவதும் நாள் தவறாமல் ஒரு சீட்டு வாங்குவோர் நூறு பேர் எனில், அவர்களுள் ஏறத்தாழ 69 பேருக்கு ஒருமுறைகூட விழாது. சீட்டு 50 ரூபாய், பரிசு 25,000 என்று வைத்துக்கொள்வோம். ஆயிரம் எண்களும் விற்றால் வசூல் 50,000. பாதி, விற்பவனுடைய பையில்!

நம் பழைய மாவட்டத் தலைநகரான விழுப்புரத்தில், 2019 டிசம்பரில், இந்த மூன்று எண் லாட்டரி தந்த கடனால் ஒரு குடும்பத்தின் ஐந்து உயிர்கள் பறிபோயின. அவர்களுள் மூவர் குழந்தைகள்.

சகோதரர்களே! ஹராம் என்பதை ஏற்க நமக்குக் கணக்குத் தேவையில்லை. ஆனால், "ஒரே ஒருமுறை" என்று மனம் சொல்லும் சாக்கைக் கணக்கு முறித்துவிடுகிறது. ஆகவே, உங்கள் பிள்ளைகளுக்கு இந்த எளிய பெருக்கலைக் கற்றுக்கொடுங்கள்.

அன்று மாலை அச்சகோதரர் சீட்டு வாங்கவில்லை. மறுநாளைக்கு நான் உறுதி கூற இயலாது. அந்த நான்கு பக்கங்களை மட்டும் மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு சென்றார்.

வல்ல அல்லாஹ் அவருக்கும் நமக்கும் ஹலாலான வருவாயில் பரக்கத் செய்வானாக! ஆமீன்.