தெர்மோஸ்டாட்டை மறைக்கலாம்... மூச்சை அடைக்கக் கூடாது!

அமெரிக்க வீடுகளில், ஹால் சுவரில் சுமார் 5 அடி உயரத்தில் ஒரு சின்னப் பெட்டி இருக்கும். அதுதான் தெர்மோஸ்டாட். தன்னைச் சுற்றியிருக்கும் காற்றின் சூட்டை அளந்து, ஹீட்டரை ஓடவிடுவதும் நிறுத்துவதும் அதன் வேலை. பல வீடுகளில், மொத்த வீட்டுக்கும் இது ஒன்றுதான்.

மகளின் பிரசவத்துக்காக மதுரையிலிருந்து சிகாகோ போன ஓர் அம்மாவுக்கு, அந்தப் பிளாஸ்டிக் பெட்டி கண்ணை உறுத்தியது. அதை மறைத்து முருகன் படம் ஒன்றை மாட்டினார். கீழே சின்ன ஷெல்ஃப் வைத்து, மாலையில் விளக்கும் ஏற்றினார். ஹாலுக்கே தனி களை வந்தது.

ஆனால், விளக்கு ஏற்றிய கொஞ்ச நேரத்தில் படுக்கையறை ஜில்லிட்டது. பிறந்து 20 நாளே ஆன பேரனின் பாதங்கள் சில்லென்றிருந்தன. ஹீட்டர் பழுது என்று மெக்கானிக்கை அழைத்தார்கள். அவர் படத்தைத் தூக்கிப் பார்த்ததும் விஷயம் புரிந்தது. விளக்கின் சூடு மேலேறி, படத்துக்குப் பின்னால் தங்கியிருக்கிறது. வீடே கதகதப்பாக இருப்பதாக ‘நினைத்து’ தெர்மோஸ்டாட் ஹீட்டரை நிறுத்தியிருக்கிறது.

“அம்மா, அது வீட்டோட மூக்கு மாதிரி. காத்து போய் வரணுமாம்.”

“அதை முதல்லயே சொல்றதுக்கென்னடி? புள்ள மூக்கைப் பொத்திட்டா அழகு பார்ப்பேன்?”

அன்றே படமும் விளக்கும் எதிர்ச் சுவருக்குப் போயின.

மறைக்க நினைப்பதில் தவறில்லை. ஹனிவெல் நிறுவனத்துக்காக ஹென்றி டிரைஃபஸ் வடிவமைத்து, 1953-ல் வந்த வட்ட தெர்மோஸ்டாட்டில், மேல்மூடியை மட்டும் தனியே கழற்றி சுவரின் நிறத்திலேயே பெயின்ட் அடிக்க முடிந்தது. கண்ணுக்கு மறைவு, காற்றுக்குத் திறப்பு. இன்றைக்கும் அதுதான் வழி.

* சுற்றிலும் குடும்பப் படங்களை மாட்டினால், பெட்டி தனியாகத் துருத்தித் தெரியாது.
* மூடித்தான் ஆக வேண்டுமென்றால், மேலும் கீழும் திறந்த, முன்பக்கம் ஜாலி வேலைப்பாடு உள்ள மரச்சட்டம் போதும்.
* பெட்டியின் காற்றுத் துளைகளைப் பெயின்ட்டோ வால்பேப்பரோ அடைக்கக் கூடாது.
* விளக்கு, டிவி போன்ற சூடான பொருள்கள் பக்கத்திலோ கீழேயோ வேண்டாம்.
* ஆள் நடமாட்டத்தை உணரும் ஸ்மார்ட் வகை என்றால், முன்பக்கத்தை மறைக்கவே வேண்டாம்.

கடைசியாக ஒரு சோதனை. சாதாரண ரூம் தெர்மாமீட்டர் ஒன்றை அதே அறையில் கொஞ்சம் தள்ளி வையுங்கள். மறைப்பதற்கு முன்பு ஒரு நாள், மறைத்த பிறகு ஒரு நாள், இரண்டும் காட்டும் அளவை ஒப்பிடுங்கள். இடைவெளி மாறவில்லையென்றால், உங்கள் அலங்காரம் பாஸ்!