இறங்காத சதுப்பு

ஹெமிங்வேயின் 'பிக் டூ-ஹார்ட்டட் ரிவர்' கதையைக் கல்லூரி நாட்களில் முதன்முறை வாசித்தபோது, இதில் ஒன்றுமே நடக்கவில்லையே என்று ஏமாந்துபோனேன். நிக் என்ற இளைஞன் ரயிலிலிருந்து இறங்குகிறான். இருந்த ஊர் எரிந்து கிடக்கிறது. வெகுதூரம் நடந்து ஆற்றங்கரையில் கூடாரம் அடிக்கிறான். காப்பி போடுகிறான். வெட்டுக்கிளிகளைப் பிடித்துத் தூண்டிலில் கோத்து மீன் பிடிக்கிறான். ஆறு ஓரிடத்தில் சதுப்புக்குள் நுழைகிறது. அதற்குள் இறங்க அவனுக்கு மனமில்லை. இன்னொரு நாள் பார்த்துக்கொள்ளலாம் என்று திரும்பிவிடுகிறான். அவ்வளவுதான் கதை.

1925-ல் வெளியான கதை அது. நிக் முதல் உலகப் போரிலிருந்து திரும்பியவன் என்பதை விமர்சகர்கள் சொல்லித்தான் தெரிந்துகொண்டேன். கதைக்குள் போரைப் பற்றிப் பேச்சே இல்லை. கூடாரத்தின் கயிற்றை அத்தனை நிதானமாக இழுத்துக் கட்டுபவன், கைகளுக்கு வேலை கொடுத்து மனத்தைக் கட்டிப்போடுகிறான் என்பது இருபது வயதில் எனக்குப் பிடிபடவில்லை.

இரண்டாவது முறை அதை வாசித்தது 2016 ஜனவரியில், பிளீச்சிங் பவுடர் வாசனை இன்னும் போகாத எங்கள் மேடவாக்கம் அடுக்ககத்தில். அதற்கு முந்தைய டிசம்பர் 1 இரவு பெய்த மழையைத் தென் சென்னைக்காரர்கள் எவரும் மறந்திருக்க முடியாது. மறுநாள் காலை வரையிலான இருபத்து நான்கு மணி நேரத்தில் தாம்பரத்தில் பதிவான மழை 49 செ.மீ. வீடு வாங்கும்போது, "பெயரிலேயே மேடு இருக்கிறது சார், தண்ணீர் நிற்காது" என்று சொல்லியிருந்தார்கள். எங்கள் தெருவில் இடுப்பளவு நின்றது. கட்டடத்தின் வாகன நிறுத்துமிடம் முழுதாக மூழ்கியது. இரண்டாம் தளத்திலிருந்த எங்களுக்கு மின்சாரமும் தொலைபேசியும் குடிநீரும்தான் இல்லாமற்போயின. 'தான்' என்று இன்று எழுத முடிகிறது.

அந்த ஜனவரியிலேயே வெள்ளத்தைப் பற்றி ஒரு சிறுகதை எழுதினேன். படகுகள் வந்தன, சாதி மதம் பாராமல் மனிதர்கள் ஒருவரையொருவர் தாங்கினார்கள், ஒரு கிழவரை நாற்காலியோடு தூக்கிச் சென்றார்கள். எல்லாம் உண்மை. எதுவும் கற்பனையில்லை. வாசித்த நண்பர் சிறிது நேரம் பேசாமலிருந்துவிட்டு, "செய்தித்தாளில் வந்ததையே ஏன் எழுதுகிறீர்கள்?" என்று கேட்டார். எனக்குக் கோபம் வந்தது. அவர் சரியாகச் சொன்னதால் வந்த கோபம் அது என்பதை ஒப்புக்கொள்ளப் பல ஆண்டுகள் ஆயின. அந்த ஆண்டுகளில் நான் மீண்டும் மீண்டும் திரும்பிச் சென்றது அமெரிக்கப் புனைகதைகளிடம்தான். பெரும் அழிவுகளை அவர்கள் எப்படி எழுதினார்கள் என்று பார்ப்பதற்காக.

முதலில் கண்ணில் பட்டது காலம். கர்ட் வானெகட் ஜெர்மனியில் போர்க்கைதியாக இருந்தபோது, 1945 பிப்ரவரியில் டிரெஸ்டன் நகரம் குண்டுவீச்சில் எரிந்தது. ஓர் இறைச்சிக்கூடத்தின் நிலவறையில் இருந்ததால் அவர் பிழைத்தார். 'ஸ்லாட்டர்ஹவுஸ்-ஃபைவ்' வெளிவந்தது 1969-ல். இடையில் இருபத்து நான்கு ஆண்டுகள். எழுத முடியாமல் போனதையே நாவலின் முதல் அத்தியாயமாக வைக்கிறார். அதன் பிறகும் நேர்க்கோட்டில் சொல்ல அவரால் முடியவில்லை. நாயகன் பில்லி காலத்திலிருந்து கழன்று, கண் மூடித் திறப்பதற்குள் வேறொரு வருடத்தில், வேறொரு கிரகத்தில் கூடப் போய் விழுகிறான். இது உத்தி மோகம் அல்ல. அடிபட்ட மனம் நினைவுகொள்ளும் விதமே அப்படித்தான் என்று படுகிறது.

டிம் ஓ'பிரையன் வியட்நாமிலிருந்து 1970-ல் திரும்பினார். 'தி திங்ஸ் தே கேரிட்' வந்தது 1990-ல். அதற்கு முன்பும் போரைப் பற்றி எழுதியவர்தான். ஆனாலும் ஒரே சம்பவத்தை இந்த நூலில் திரும்பத் திரும்பச் சொல்கிறார், ஒவ்வொரு முறையும் மாற்றிச் சொல்கிறார். அதில் ஒரு கதையில், போருக்கு அழைப்பாணை பெற்ற இளைஞன் கனடா எல்லையிலுள்ள ஆறு வரை ஓடுகிறான். தப்பிக்க இன்னும் சில கஜ தூரம்தான். படகிலிருந்து அவனால் குதிக்க முடியவில்லை. ஊரார் என்ன நினைப்பார்கள் என்ற வெட்கத்தால் போருக்குப் போகிறான். துணிச்சலால் அல்ல. போர்க்களத்தில் நடந்த எதையும்விட இந்த வெட்கம்தான் அவன் சுமையில் கனமானது.

டோனி மாரிசனின் 'பிலவ்ட்' 1987-ல் வந்தது. 1856-ல் கென்டக்கியிலிருந்து தப்பி ஒஹையோவுக்கு வந்த மார்கரெட் கார்னர் என்ற அடிமைப்பெண், பிடிபடும் தறுவாயில் தன் குழந்தையைக் கொன்ற வரலாற்றுச் சம்பவம்தான் அதன் வித்து. அடிமைமுறையின் கொடுமையை எழுத வந்தவர், அதைச் சாட்டையின் பக்கத்திலிருந்து தொடங்காமல் ஒரு தாயின் கையிலிருந்து தொடங்கினார். அந்தக் கை செய்ததை நாவல் நியாயப்படுத்துவதுமில்லை, தண்டிப்பதுமில்லை. அந்தக் குழந்தை வீட்டுக்குத் திரும்பி வருகிறது.

இவற்றைச் சேர்த்து வைத்துப் பார்த்தபோது ஒன்று தெளிவாயிற்று. இந்தப் படைப்புகள் பாதிக்கப்பட்டவரின் முறையீடுகள் அல்ல. தனக்கு என்ன நேர்ந்தது என்பதோடு, அந்த நேரத்தில் தான் என்னவாக இருந்தேன் என்பதையும் சொல்லத் துணிபவை. அவற்றின் சமூகக் கோபமும் அங்கிருந்துதான் பிறக்கிறது. ஸ்டைன்பெக்கின் 'தி கிரேப்ஸ் ஆஃப் ராத்' (1939) நாவலில் குத்தகை விவசாயிகளின் வீட்டை இடிக்க டிராக்டர் வருகிறது. அதை ஓட்டி வருபவன் அயலான் அல்ல, பக்கத்து வீட்டுக்காரரின் மகன். மூன்று டாலர் தினக்கூலிக்காக வருகிறான். துப்பாக்கியோடு நிற்கும் விவசாயிக்கு யாரைச் சுடுவது என்று தெரியவில்லை. வங்கியின் மீதான வசவு மட்டுமாக இருந்திருந்தால் அப்பக்கங்கள் துண்டுப்பிரசுரமாகியிருக்கும். பக்கத்து வீட்டுப் பையன் வந்ததால் இலக்கியமாயிற்று.

தமிழில் இதை அறிந்திருந்தவர்களில் முதலில் நினைவுக்கு வருபவர் அசோகமித்திரன். பிற்காலத்தில் எங்களுக்கு அருகில் வேளச்சேரியில் வாழ்ந்தவர், 2017 மார்ச்சில் மறைந்தார். அமெரிக்கப் புனைகதையை ஊன்றி வாசித்தவர். 1973-ல் அயோவா பல்கலைக்கழகத்தின் எழுத்தாளர் நிகழ்வுக்குச் சென்ற அனுபவமே அவருடைய 'ஒற்றன்'. ஆனால் இங்கே நான் நினைப்பது '18வது அட்சக்கோடு' நாவலை. ஹைதராபாத் சமஸ்தானத்தில் இந்திய ராணுவம் நுழைந்தது 1948 செப்டம்பரில். செகந்திராபாத்தில் வளர்ந்த அவருக்கு அப்போது பதினேழு வயது. நாவல் வந்தது 1977-ல். வானெகட்டைவிட ஐந்து ஆண்டுகள் கூடுதல்.

நாவலின் பெரும்பகுதி கிரிக்கெட், மாடு, கல்லூரி என்று போகிறது. பதற்றம் விளிம்புகளில் மட்டும் தெரிகிறது. கடைசியில் கலவரத்தினூடே சந்திரசேகரன் ஒரு வீட்டுக்குள் நுழைந்துவிடுகிறான். அங்கே ஒடுங்கியிருக்கும் முஸ்லிம் குடும்பம் அவனைத் தாக்க வந்தவன் என்று நினைக்கிறது. வீட்டாரைக் காப்பாற்ற ஒரு சிறுமி தன் உடலை முன்வைக்கிறாள். அவன் அங்கிருந்து ஓடுகிறான். அவன் யாரையும் எதுவும் செய்யவில்லை. ஆனால் எதிரில் நின்றவளின் கண்களில் தான் யாராகத் தெரிந்தோம் என்பதைப் பார்த்துவிட்டான். இனி அவன் பழைய கிரிக்கெட் பையன் அல்ல.

அடுத்த தலைமுறையில் ஷோபாசக்தியின் 'கொரில்லா' (2001) இருக்கிறது. அகதி விண்ணப்பம் ஒன்றாகத் தொடங்கும் அந்த நாவலில், அரசின் வன்முறைக்குச் சமமாக, சிறுவயதில் தானும் அங்கமாயிருந்த இயக்கத்தின் வன்முறையும் பேசப்படுகிறது. வானெகட்டைப் போலவே அங்கும் வடிவம் உடைந்திருக்கிறது, அங்கதம் இருக்கிறது. அடியில் இருப்பது அதே கேள்வி: இதில் நான் எங்கே நின்றேன்?

என் வெள்ளக் கதையில் இல்லாதது இந்தக் கேள்விதான்.

டிசம்பர் 3 மாலை. எங்கள் கட்டடத்தின் வாட்ச்மேன் குடும்பம் தங்கியிருந்த அறை கீழே நீருக்குள் கிடந்தது. அவர்கள் மொட்டைமாடிப் படிக்கட்டின் தலைப்பில் ஒண்டியிருந்தார்கள். அவர் மனைவி ஒன்றரை வயதுக் குழந்தையை இடுப்பில் வைத்துக்கொண்டு எங்கள் கதவைத் தட்டினார். "சார், புள்ளைக்குக் குடிக்கத் தண்ணி இருந்தா ஒரு சொம்பு குடுங்க சார்." சமையலறையில் இருந்த கேனில் கால்வாசி மிச்சமிருந்தது. கட்டிலுக்கடியில் சீல் உடைக்காத இருபது லிட்டர் கேன் இன்னொன்று இருந்தது. "இருக்கறதே இவ்வளவுதாம்மா" என்று ஒரு டம்ளர் ஊற்றிக் கொடுத்தேன். அவர் நன்றி சொன்னார். கூடத்தில் உட்கார்ந்திருந்த என் அம்மா என்னைப் பார்த்தாள். ஒன்றும் சொல்லவில்லை.

மறுநாள் தன்னார்வலர்கள் தண்ணீர்ப் பாக்கெட்டுகளோடு வந்துவிட்டார்கள். குழந்தைக்கு ஒன்றும் ஆகவில்லை. பொங்கலுக்குள் அந்தக் குடும்பம் வேறு வேலை தேடிப் போய்விட்டது. கேன் அதன் பிறகும் கட்டிலடியில் இருந்தது. ஒருநாள் அம்மா கேட்டாள்: "அந்தத் தண்ணிய என்னடா பண்ணப் போற?" அந்தக் கேள்விக்குப் பக்கத்து அறையில் உட்கார்ந்துதான் மனிதநேயத்தைப் பற்றிய என் சிறுகதையை எழுதிக்கொண்டிருந்தேன்.

எழுத்தாளன் தனக்கு நன்கு தெரிந்ததை விட்டுவிடலாம், வாசகன் அதை உணர்ந்துகொள்வான். தெரியாததால் விட்டால் எழுத்தில் பள்ளம் விழும் என்பது ஹெமிங்வேயின் கொள்கை. மூன்றாவது வகை ஒன்று உண்டு என்று எனக்குத் தோன்றுகிறது. தெரிந்தும் மறைப்பதற்காக விடுவது. நிக்கின் மௌனத்தில் போர் இருக்கிறது. என் மௌனத்தில் ஒரு கேன் ஒளிந்திருந்தது. நண்பர் அதைப் பார்க்கவில்லை. ஆனால் ஏதோ பொய் நாற்றம் வருவதை உணர்ந்துவிட்டார்.

இப்போது ஒவ்வொரு வடகிழக்குப் பருவமழையின்போதும் எங்கள் குடியிருப்பில் கூட்டம் கூடுகிறது. அரசு, அதிகாரிகள், மழைநீர் வடிகால் என்று கோபப்படுகிறோம். கோபத்துக்குக் காரணங்கள் உண்டு. ஒரு காலத்தில் ஐயாயிரம் ஹெக்டேருக்கு மேல் பரந்திருந்ததாகக் கூறப்படும் பள்ளிக்கரணைச் சதுப்பு நிலத்தில் எஞ்சியிருப்பது ஒரு சிறு பகுதி. தென் சென்னையின் பல ஏரிகளின் உபரிநீர் வந்து சேர வேண்டிய இடத்தில் சாலைகளும் குப்பைமேடும் கட்டடங்களும் வந்தன. 2022-ல் ராம்சார் பட்டியலில் அது இடம்பெற்றபோது எல்லோரும் மகிழ்ந்தோம். ஆனால் அந்த நீர் போகும் வழியில் வீடு வாங்கியவர்கள் நாங்கள். ஸ்டைன்பெக்கின் டிராக்டரில் அமர்ந்து வந்த பையன் எங்கள் குடியிருப்புக் கூட்டத்திலும் நாற்காலி போட்டு உட்கார்ந்திருக்கிறான். அவனை விட்டுவிட்டு எழுதப்படும் வெள்ளக் கதை எதுவும் பாதிக் கதைதான்.

அந்தக் குழந்தைக்கு இப்போது பதினொன்று, பன்னிரண்டு வயதிருக்கும். எங்கே இருக்கிறது என்று தெரியாது. அம்மாவும் இப்போது இல்லை. கதையை மறுபடி எழுதத் தொடங்கியிருக்கிறேன். இந்த முறை முதல் வரியில் கட்டிலடியில் இருந்த கேனை வைத்திருக்கிறேன். அதற்கு மேல் இன்னும் நகரவில்லை.