சிக்னல்காரர் மகன்

ரேமண்ட் வில்லியம்ஸ் இலக்கிய விமர்சகரா, சமூகவியல்காரரா என்று ஆங்கிலத் துறைகளில் ஒரு தயக்கம் உண்டு. பி.ஏ. ஆங்கிலம் படித்த மூன்று வருஷத்தில் அவர் பெயர் என் வகுப்பில் அடிபட்டதேயில்லை. பாங்கு வேலைக்கு வந்த பிறகு, பழைய புத்தகக் கடையில் அட்டை கிழிந்து கிடைத்தது ‘கல்ச்சர் அண்ட் சொஸைட்டி’ (1958).

வேல்ஸ் எல்லைக் கிராமமான பாண்டியில் 1921இல் ரயில்வே சிக்னல்காரருக்குப் பிறந்தவர். ஸ்காலர்ஷிப்பில் கேம்பிரிட்ஜ், நடுவில் யுத்தம், பீரங்கிப் படை. 1946லிருந்து 1961வரை ஆக்ஸ்போர்டின் வெளிவகுப்பு ஆசிரியராக, தென்கிழக்கு இங்கிலாந்தின் ஊர்களில், பகலில் வேறு வேலை பார்ப்பவர்களுக்கு இலக்கியம் சொல்லிக்கொடுத்தார். மேற்சொன்ன புத்தகமும் ‘தி லாங் ரெவல்யூஷ’னும் (1961) அந்த வருஷங்களில் எழுதப்பட்டவை. பேராசிரியர் பதவி 1974இல்தான். இந்த வரிசை எனக்கு முக்கியமாகப் படுகிறது. சாயங்கால வகுப்பில் உட்கார்ந்திருப்பவன் முன்னால், கலாச்சாரம் ஒரு சிறுபான்மையின் வசம் இருக்கிறது என்ற எஃப்.ஆர். லீவிஸின் வாதத்தை நேர்முகத்தோடு சொல்ல முடியாது. சில நூறு பேர் படிக்கிற பத்திரிகைகளில் எழுதும் நமக்கு லீவிஸ் இதமானவர். வில்லியம்ஸ் அப்படியல்ல. கலாச்சாரம் சாதாரணமானது, எல்லோருடையது என்கிறவரை நம் கூட்டத்தில் எங்கே உட்காரவைப்பது?

அந்தப் புத்தகத்தின் பின்னிணைப்பாக அவர் தயாரித்த சொற்குறிப்புகளை, நீளம் கருதி விட்டுவிட நேர்ந்தது. அவையே வளர்ந்து 1976இல் ‘கீவேர்ட்ஸ்’ ஆயின. அகராதி அல்ல அது. ஒரு சொல்லுக்குள் எந்த அர்த்தம் எதை ஒதுக்கியது என்ற விசாரணை. நான் தினமும் புழங்கும் ‘கடன்’ என்ற சொல்லையே பாருங்கள். புறநானூற்றுத் தாய்க்கு அது பொறுப்பு, காலைக்கடனில் நியமம், என் கௌண்டருக்கு எதிரே நிற்பவருக்குத் தவணை. நம் பல்கலைக்கழகத் தமிழ், சொல்லுக்கு வேர் தேடியதும் திருப்தியடைந்துவிடுகிறது.

குறை இல்லாமல் இல்லை. பிரிட்டிஷ் கலாச்சாரத்தின் வரலாற்றை எழுதியவர் சாம்ராஜ்யத்தை ஏறக்குறைய விட்டுவிட்டார். 1979இல் வந்த ‘பாலிடிக்ஸ் அண்ட் லெட்டர்ஸ்’ பேட்டிகளில் இதை அவரிடமே கேட்டார்கள். பின்னால் எட்வர்ட் செய்தும் இதை எடுத்துக்கொண்டார். ‘தி கன்ட்ரி அண்ட் தி சிட்டி’யில் (1973) அந்தக் கணக்கு ஓரளவு நேராகிறது: கிராமம் – நகரம் என்ற உறவு, குடியேற்ற நாடு – லண்டன் என்று விரிந்து அச்செபேவரை வருகிறது. அவருடைய ஆகச் சிறந்த புத்தகம் இதுதான் என்பது என் கட்சி. ‘மார்க்ஸிசம் அண்ட் லிட்டரேச்ச’ரை (1977) மதிக்கலாம், ரசிக்க முடியாது. உரைநடை கல்லாகிவிட்டது. ‘உணர்வமைப்பு’ என்று அவர் சொன்னது கடைசிவரை பிடிக்குள் சிக்கவில்லை.

ஆனால் அந்த உணர்வமைப்பை ‘பார்டர் கன்ட்ரி’ (1960) என்ற நாவலில் தொட்டுப் பார்க்கலாம். நோயில் விழுந்த சிக்னல்காரத் தகப்பனைப் பார்க்க லண்டனிலிருந்து விரிவுரையாளர் மகன் ஊருக்கு வருகிறான். லண்டனில் அவன் மாத்யூ. கிராமத்தில் அவனை இன்னும் வில் என்றுதான் கூப்பிடுகிறார்கள்.