தோற்றுக் காட்டிய வித்தகர்

துருக்கித் தொப்பியைக் கண்டால் நமக்கு நம் பாட்டனார் நினைவு வரும். நிக்காஹ் சபையில் குஞ்சம் அசைய வீற்றிருந்த பெரியவர்களின் கம்பீரம் கண்முன் நிற்கும். 1905-ல் வழக்கறிஞர் எம்.சி. அப்துல் காதர் அத்தொப்பியுடன் கொழும்பு உச்ச நீதிமன்றத்தில் வாதாடலாகாது எனத் தடுக்கப்பட்டபோது, இலங்கை முஸ்லிம்கள் திரண்டெழுந்த வரலாற்றையும் நாம் அறிவோம். ஆனால், பிரிட்டனில் ஒரு தலைமுறைக்கு அதே தொப்பி சிரிப்பின் அடையாளமாயிற்று. காரணர் டாமி கூப்பர்.

வேல்ஸ் நாட்டுக் கேர்ஃபிலியில் 1921-ல் பிறந்தவர் அவர். கப்பல் கட்டும் தளத்தில் தொழில் பழகிய நாளில், உடன் உழைப்போர் முன் அவர் செய்த மாயவித்தை குளறிப்போனதாம். கூட்டமோ விழுந்து விழுந்து சிரித்தது. அச்சிரிப்பை அவர் மறக்கவில்லை. போர்க்காலத்தில் படைவீரராக எகிப்து சென்றவர், கெய்ரோவில் ஒருநாள் தம் தலைக்கவசத்தை மறந்து மேடையேறி, உணவு பரிமாறுபவரின் செந்தொப்பியை எடுத்து அணிந்துகொண்டார் என்பர். அது பின்னர் அவர் தலையை விட்டு இறங்கவேயில்லை.

1947-ல் படையினின்று விடுபட்டு அரங்குகளில் பழகி, 1952-ல் பி.பி.சி.யில் தொடர் நடத்தினார். பிறகு ஐ.டி.வி.யில் பல்லாண்டுகள். 1967-ல் எரிக் சைக்ஸுடன் அவர் நடித்த 'தி பிளாங்க்' படத்தில் பேச்சு மிகக் குறைவு. ஒரு மரப்பலகையைச் சுமந்து செல்லும் இரு தொழிலாளர் படும் பாடே கதை.

ஆறடியைத் தாண்டிய பேருடல், திகைத்த விழிகள், எதைத் தொட்டாலும் தவறும் கைகள். ஆனால் அவர் மேஜிக் சர்க்கிள் என்னும் வித்தகர் சங்கத்தின் உறுப்பினர் என்பதை மறத்தலாகாது. வித்தையைக் கசடறக் கற்றவரே அதனை உரிய நொடியில் கெடுத்துக் காட்ட இயலும். பத்துத் தோல்விக்கு நடுவே ஒன்றைப் பிழையின்றிச் செய்து முடிப்பார். அப்போது அவையோர் வாயடைத்துப் போவர். வெற்றியை விடத் தோல்விக்கே ஒத்திகை மிகுதி என்பது நம் எண்ணம்.

மது அவருடலை அரித்தது. 1977-ல் ரோம் நகரில் மாரடைப்பு வந்தும் பிழைத்தார், தொழிலை விடவில்லை.

1984 ஏப்ரல் 15. லண்டன் ஹெர் மெஜஸ்டிஸ் அரங்கிலிருந்து நேரடி ஒளிபரப்பு. உதவிப்பெண் ஒரு நீண்ட அங்கியை அணிவித்துச் சென்றாள். கூப்பர் மெல்லச் சரிந்து, திரையில் சாய்ந்து அமர்ந்தார். மூச்சுத் திணறியது. அவையினர் சிரித்தனர். இதுவும் ஒரு வேடிக்கை என்றே எண்ணினர். அவர்களைக் கல்நெஞ்சர் என்று நாம் பழிக்கமாட்டோம். விழுந்தால் சிரியுங்கள் என்று நாற்பதாண்டுகளாக அவர்களைப் பழக்கியவர் அவரே அல்லவா? மேடைக்குப் பின்னிருந்த தோழர்களுக்குங்கூட உடனே விளங்கவில்லை.

அவர் திரைக்குப் பின்னே இழுக்கப்பட்டார். விளம்பர இடைவேளை வந்தது. பிறகு அடுத்த கலைஞர்கள் திரைக்கு முன் வந்து தங்கள் நகைச்சுவையைத் தொடங்கினார்கள். திரைக்குப் பின்னே, நின்றுவிட்ட இதயத்தை இயக்கச் சிலர் போராடிக்கொண்டிருந்தனர்.