வேடம் கலைந்த முகம்

கார்த்திகைத் தீபத் திருநாளன்று மாலை, திருவண்ணாமலைக் கோயிலில் அர்த்தநாரீசுவரர் சில நிமிடங்களே வெளிவந்து காட்சி தருவார். உடனே மலையுச்சியில் தீபம் ஏற்றப்படும். ஆணும் பெண்ணும் ஓருருவாய்த் தோன்றும் அக்கணத்திற்காக இலட்சக்கணக்கானோர் காத்து நிற்பதை இவ்வூரில் வாழும் நாம் ஆண்டுதோறும் காண்கிறோம். சுற்றுவட்டாரச் சிற்றூர்களில் பாரதக் கூத்து நிகழுங்கால், ஆடவர் திரௌபதி வேடம் பூணுவர். விடியும்வரை அவரைக் கையெடுத்து வணங்கும் ஊர், வேடம் கலைந்ததும் பழைய பெயரால் அழைக்கும். இதில் எவருக்கும் தயக்கமில்லை. ஆனால், கலைப்பதற்கு வேடமே இல்லாத ஒருவர் நம் வாயிலில் வந்து நின்றால்?

இவ்வினாவைத் தம் வாழ்வாலும் எழுத்தாலும் நம்முன் வைத்தவர், நாமக்கல் பகுதியில் பிறந்த திருநங்கை அ. ரேவதி. ஆண்பிள்ளையாக வளர்க்கப்பட்ட அவர், இளமையில் தம் ஊர் மாரியம்மன் திருவிழாவில் குறத்தி வேடமிட்டு ஆடினார். கண்டோர்க்கு அது வேடம்; அவருக்கோ அன்றுதான் வேடம் கலைந்தது. பின்னர் வீட்டிலும் வெளியிலும் பட்ட அடிகளையும் இழிசொற்களையும் அவர் மறைக்காமல் எழுதினார்.

2004ஆம் ஆண்டு வெளிவந்த 'உணர்வும் உருவமும்' நூலில், முதலில் மற்றத் திருநங்கையரின் வாழ்க்கைக் கதைகளையே அவர் தொகுத்தளித்தார். தமிழில் அவர் எழுதிய தன்வரலாறு, வ. கீதாவின் மொழிபெயர்ப்பில் 2010இல் ஆங்கிலத்தில் முந்தி அச்சேறியது. 'வெள்ளை மொழி' என்ற பெயரில் தமிழர் கைக்கு அது வந்தது 2011இல்தான். பின்னர் அ. மங்கையின் நெறியாள்கையில், தம் கதையைத் தாமே மேடையில் நிகழ்த்தினார். நூலைப் பிடிக்காதவர் மூடிவைக்கலாம். எதிரே நின்று பேசும் மனிதரை அவ்வாறு மூடிவைக்க இயலுமோ?

திரைப்படங்களும் தெருப்பேச்சும் நெடுங்காலமாகத் திருநங்கையரைப் பற்றிப் பேசின, அவர்களைப் பேசவிடவில்லை. புனித அகுஸ்தினார் தம் வாழ்வைத் தாமே இறைவன் திருமுன் எடுத்துரைத்ததால் அன்றோ, 1600 ஆண்டுகள் கடந்தும் நாம் அவர் உள்ளத்தை அறிகிறோம்! மற்றவர் கூற்றை மட்டும் கொண்டு ஒருவரை எடைபோடுதல் நீதியாகாது.

பால்மாற்றம் குறித்த திருச்சபையின் போதனை மாறவில்லை. 2024இல் வெளியான திருப்பீட ஏடும் அதனை உறுதிப்படுத்தியது. எனினும், பிறருக்கு இடறலாகாத நிலையில் திருநங்கையரும் திருமுழுக்குப் பெறலாம் என 2023 அக்டோபரில் விசுவாசக் கோட்பாட்டுத் துறை விடையளித்தது. இவ்விரண்டையும் ஒருசேர ஏந்துதல் எளிதன்று. முன்னதை மட்டும் உரக்கச் சொல்லிப் பின்னதை மறைப்பது நமக்கு வசதியாய் இருக்கலாம், உண்மையாய் இராது.

எத்தியோப்பிய அரச அலுவலர் ஓர் அண்ணகர். பழைய சட்டம் அவரை ஆண்டவரின் சபைக்குள் அனுமதித்ததில்லை. பிலிப்போ அவரது தேரில் ஏறி அருகில் அமர்ந்தார், அவர் கேட்டதற்குச் செவிகொடுத்தார், பிறகே போதித்தார். திருப்பலிக்கு வரும் திருநங்கை ஆலயத்தின் கடைசி வரிசையில் அமர்ந்தால், அவ்வரிசை ஏன் காலியாகிறது? விலகி எழுமுன், அவர் தம்மை எப்பெயரால் அழைக்க விரும்புகிறார் என்றாவது நாம் கேட்போமா?